வார்த்தை இல்லையென்றால் பாவமில்லை

நம் வயதுக்காரர்களுக்கு ஒரு வியாதி உண்டு. கல்யாண வரவேற்பில் மேடை ஓரமாக ஒருவர் உட்கார்ந்து, சாக்ஸபோனிலோ புல்லாங்குழலிலோ பழைய ஹிந்திக் காதல் பாட்டு ஒன்றை வாசிக்க ஆரம்பித்தால், கையிலிருக்கும் ஐஸ்கிரீம் உருகி முழங்கை வரை வழிவது தெரியாமல் நின்றுவிடுவோம். ஹிந்தியில் நமக்கு ஒரு வரிகூட உருப்படியாகத் தெரியாது. தெரியாததுதான் வசதி என்பேன் நான்.

போன மாதம் டோல்கேட் பக்கம் ஒரு மண்டபத்தில் அப்படித்தான் நின்றுகொண்டிருந்தேன். என் மகள் வந்து, "இன்னாம்மா, பாடுறவரு வரலையா? வெறும் மியூசிக் மட்டும் வருது" என்றாள். அவளுக்குப் பாட்டென்றால் யாராவது வாயைத் திறந்து பாட வேண்டும். "வார்த்தை இல்லாமல் கேட்டுப் பாரடி" என்றேன். அவள் கேட்கவில்லை. நீங்கள் கேட்பீர்கள் என்ற நம்பிக்கையில், எங்கள் வீட்டில் நடந்த ஒரு தவக்காலத்தைப் பற்றிச் சொல்கிறேன். பொறுமை இல்லாதவர்கள் தாராளமாகப் பந்திக்குப் போகலாம்.

அப்போது நாங்கள் ராயபுரத்தில் மாதா கோயிலுக்கு இரண்டு தெரு தள்ளி இருந்தோம். அப்பா துறைமுகத்தில் கிரேன் ஓட்டினார். கரி இறங்குகிற நாட்களில் எங்கள் வீட்டு ஜன்னல் கட்டையில் விரலால் பெயர் எழுதலாம். சாம்பல் புதனன்று சாமியார் எங்கள் நெற்றியில் சாம்பல் பூசிவிட்டு நகரும்போது, "நம்ம தெருவுல வருசம் முழுக்க சாம்பல் புதன்தான்" என்று அம்மா என் காதில் முணுமுணுப்பாள். நான் சிரித்துவிட்டு அடி வாங்குவேன். அடிப்பதும் அம்மாதான்.

ஈஸ்டருக்கு முந்தின நாற்பது நாள், அப்பாவின் தவக்காலம், ஊரே அறிந்தது. கறி கிடையாது, டீயில் சர்க்கரை கிடையாது, சவரம் கிடையாது. கோயிலில் கடைசி இரண்டு வாரம் சாமி சுரூபங்களை ஊதாத் துணியால் மூடுவார்கள் அல்லவா? அப்பா அவ்வளவு நாள் காத்திருக்க மாட்டார். சாம்பல் புதனன்று காலையிலேயே எங்கள் ரேடியோவை ஊதாத் துணியால் மூடி, சணல் கயிற்றால் கட்டிவிடுவார். அது அம்மாவின் பழைய புடவையில் கிழித்த துணி; ஓரத்தில் சரிகை வேறு இருக்கும். சினிமாப் பாட்டு மற்ற நாட்களிலேயே அவருக்கு ஆகாது. தவக்காலத்தில் தெருவில் யாராவது பாடிக்கொண்டு போனால்கூட, எங்கள் வீட்டு வாசலுக்கு வரும்போது குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள்.

அந்த வீட்டில் என் அத்தையும் இருந்தாள். அப்பாவின் ஒரே தங்கை. தாய் தகப்பன் போன பிறகு அவளைத் தூக்கி வளர்த்து, டைப்ரைட்டிங் படிக்க வைத்ததெல்லாம் அப்பாதான். சௌகார்பேட்டையில் ஒரு சேட்டின் துணி மொத்தக் கடையில் அவளுக்கு டைப் அடிக்கிற வேலை. கடையில் காலையில் வைத்த ரேடியோவைச் சாயங்காலம்தான் அணைப்பார்களாம். அங்கே போய்ப் போய் ஹிந்தி அவளுக்கு நன்றாகவே வந்துவிட்டது. வீட்டில் அதைப் பற்றி யாரும் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை. நான் அவள் பக்கத்தில்தான் படுப்பேன். பவுடரும் கார்பன் தாளும் கலந்த ஒரு வாசனை அவள் கையில் இருக்கும். அந்த வாசனையை இப்போது எந்தக் கடையிலும் வாங்க முடியாது.

அந்த வருஷம் தவக்காலம் தொடங்கிய முதல் வாரத்திலேயே கப்பல் மாமா வந்து சேர்ந்தார். அம்மாவின் தம்பி, கப்பலில் சமையல் வேலை. வரும்போதெல்லாம் எதையாவது கொண்டுவருவார். அந்தத் தடவை ஒரு டேப் ரிகார்டர். வெள்ளிப் பட்டன்கள், இழுத்தால் நீளும் கைப்பிடி. உள்ளேயே ஒரு கேசட் இருந்தது. அதன் மேலட்டை எங்கேயோ தொலைந்துவிட்டதாம்.

அப்பா அதைப் பார்த்ததும் ஊதாத் துணியைத் தேடத் தொடங்கினார்.

"இரு மச்சான்," என்றார் மாமா. "இதுல பாட்டே கெடையாது. வெறும் வாத்தியம். கேட்டுட்டு அப்பால சொல்லு."

பட்டனை அழுத்தினார். முதலில் ஆர்கன் வந்தது, எங்கள் கோயிலில் நற்கருணை வாங்கப் போகும்போது வாசிப்பார்களே, அதே மாதிரி மெதுவாக. அதன் மேல் ஒரு கிதார், ஒவ்வொரு சுரத்தையும் இழுத்து, வழுக்கி, அடுத்ததில் கொண்டுபோய்ச் சேர்த்தது. அம்மா பூண்டு உரித்துக்கொண்டிருந்தவள் கையை நிறுத்திவிட்டாள். அப்பா கையைக் கட்டிக்கொண்டு, நீதிபதி போல நின்றுகொண்டே ஒரு பக்கம் முழுக்கக் கேட்டார்.

"வார்த்த இல்ல," என்றார் கடைசியில். "வார்த்த இல்லன்னா பாவம் இல்ல. கோயில் வாத்தியம் மாதிரிதான் கீது. ஜெபமால முடிச்சிட்டு தெனம் கேக்கலாம்."

மாமா அம்மாவைப் பார்த்தார். அம்மா மறுபடி பூண்டைப் பார்த்தாள். அதில் ஏதோ இருக்கிறதென்று எனக்கு அப்போது தோன்றவில்லை.

அன்றிலிருந்து தினமும் ஜெபமாலை முடிந்ததும் வீட்டுப் பீடத்து மெழுகுவத்தியை அணைக்காமல் அந்தக் கேசட்டைப் போடுவோம். பட்டனில் படிந்த கரித்தூளைத் துடைத்துவிட்டு அழுத்துவது என் பொறுப்பு. வார்த்தை இல்லாத பாட்டில் ஒரு சௌகரியம் என்னவென்றால், அவரவர் தங்களுடையதைப் போட்டுக்கொள்ளலாம். ஒரு பாட்டில் திரும்பத் திரும்ப வரும் நீளமான இடத்துக்கு அப்பா "மாதாவே, தாயே" என்று போட்டுக்கொண்டார். மெட்டுக்கு அது கச்சிதமாக உட்கார்ந்தது. கிரேன் மேலே உட்கார்ந்துகூட அதையே பாடுகிறாராம் என்று அவரோடு வேலை செய்தவர்கள் சொன்னார்கள். நான் அதே இடத்துக்கு, எனக்கு வேண்டியிருந்த சிவப்பு ரிப்பனைப் பற்றி ஒரு வரி கட்டி வைத்திருந்தேன். அம்மா எதைப் போட்டுக்கொண்டாள் என்று தெரியாது. அந்த நேரத்தில் அவள் யாரையும் வேலை ஏவமாட்டாள், அது மட்டும் தெரியும்.

அத்தைக்கு எதையும் போட வேண்டியிருக்கவில்லை. அவளுக்குத்தான் அந்தப் பாட்டுகளின் சொந்த வார்த்தைகளே தெரியுமே. சுவரில் சாய்ந்து, முழங்காலைக் கட்டிக்கொண்டு, கண்ணை மூடி உட்கார்ந்திருப்பாள். உதடு அசையாது. ஒருநாள் கண்ணோரத்தில் தண்ணீர் கசிந்து கன்னத்தில் இறங்கியது. அவள் துடைக்கவில்லை. அப்பா அதைப் பார்த்துவிட்டார்.

எங்கள் சனங்களுக்கு ஒரு பெருமை உண்டு. குடும்பத்துக்கு ஒரு ஆளைச் சாமிக்குக் கொடுத்துவிட வேண்டும். ஒரு வீட்டில் ஒரு சாமியாரோ சிஸ்டரோ இருந்தால், அந்த வீட்டாருக்குக் கோயிலில் நடையே மாறிவிடும். அப்பாவின் வம்சத்தில் அப்படி யாரும் இல்லை. அந்தக் குறை அவருக்கு ரொம்ப நாளாக இருந்தது.

"பாத்தியா அவ மொகத்த?" என்று அம்மாவிடம் கேட்டார். "ஜெபத்துல எப்டி கரையறா பாரு. ரெண்டு மாப்ள வந்தானுங்க, ரெண்டு பேரையும் வேணான்னுட்டா. ஏன்? சாமி கூப்புட்டுகினு கீது அவள. தேவ அழைத்தல்ன்றது இதாம்மே."

"எனக்கு அப்டி ஒண்ணும் தெரியல," என்றாள் அம்மா.

"ஒனக்கு மீன் வெல தெரியும்," என்றார் அப்பா.

அந்த ஞாயிற்றுக்கிழமையே பங்குச் சாமியாரிடம் போய்ச் சொல்லிவிட்டார். ஈஸ்டர் முடிந்ததும் அத்தையைக் கன்னியர் மடத்தில் சேர்ப்பது என்று பேச்சானது. அத்தையிடம் கேட்டபோது அவள் தலையைக் குனிந்துகொண்டு, "நீ சொன்னா சரிண்ணா" என்றாள். வேண்டாம் என்று ஏன் சொல்லவில்லை என்று வெகு வருஷம் கழித்து அவளிடம் கேட்டேன். "வேணான்னா ஏன்னு கேப்பாரு. பாட்டு நல்லா கீதுன்னுதான் அழுதேன்னு எப்டி சொல்றது? என்ன அந்த மாதிரி தூக்கி வளத்தவரு" என்றாள்.

வீட்டில் ஒரு தகரப் பெட்டி வந்தது. அதில் வெள்ளைப் புடவைகள், ஒரு படுக்கை விரிப்பு, சோப்பு டப்பா எல்லாம் ஒவ்வொன்றாகச் சேர்ந்தன. தெருவில் உள்ளவர்கள் அத்தையிடம் பேசும்போது புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொள்ள ஆரம்பித்தார்கள். நான்தான் ரொம்பக் கலங்கிப்போனேன். அவள் போய்விட்டால் பாய் முழுக்க எனக்குத்தான் என்று அம்மா சமாதானம் சொன்னாள். எனக்கு முழுப் பாய் வேண்டியிருக்கவில்லை.

"மடத்துல டேப் ரிகார்டர் இருக்குமா அத்த?" என்று கேட்டேன்.

அத்தை சிரித்தாள். பிறகு சிரிப்பு அப்படியே நின்றுபோய், என் தலையை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

குருத்து ஞாயிற்றுக்கு முந்தின வாரம், மடத்துத் தலைவியான மதர் பெண்ணைப் பார்க்க வருவதாகச் சேதி வந்தது. "புதுசா வந்திருக்காங்களாம். இம்மா நாளும் வடக்க ஒரு ஆஸ்பத்திரில இருந்தாங்களாம். ரொம்பப் பெரியவங்க," என்றார் அப்பா.

"வடக்கயா?" என்றாள் அம்மா.

"ஆமா, வடக்கதான்."

அம்மா வேறொன்றும் கேட்கவில்லை. மதர் வருகிற அன்று சாயங்காலம் வீட்டைக் கழுவி, பீடத்துக்குப் பூ வைத்துவிட்டு, என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். "அவுங்க ஒக்காந்து காபி குடிக்கிறப்ப அந்த வாத்தியத்தப் போடு. அந்த மாதாவே தாயே வர்ற பக்கம். நான் சொன்னேன்னு சொல்லாத."

மதருக்குத் தூத்துக்குடிப் பக்கம். குண்டாக, வேர்த்துக்கொண்டு, சின்னக் கண்களோடு இருந்தார். அப்பா நாற்காலியை மூன்றாவது தடவை துடைத்து, "ஒக்காருங்கோ மதர்" என்றார். காபி வந்தது. நான் பட்டனை அழுத்தினேன்.

ஆர்கன் தொடங்கியதும் மதரின் கை டம்ளரோடு நின்றது. கிதார் சேர்ந்ததும் வெள்ளை அங்கிக்குக் கீழே செருப்பு மெதுவாகத் தாளம் போட ஆரம்பித்தது. நான் தரையில் உட்கார்ந்திருந்ததால் அதை நன்றாகப் பார்த்தேன். அந்த நீளமான இடம் வந்தது. மதர் தன்னை மறந்து, உடைந்த குரலில், இரண்டு வரியை ஹிந்தியில் பாடிவிட்டார்.

அப்பாவுக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. "மதருக்கு இந்த ஜெபம் தெரியுமா?" என்றார்.

மதர் டம்ளரைக் கீழே வைத்தார். சுவரோரம் நின்ற அத்தையைப் பார்த்தார். அத்தை முகத்தில் ரத்தமே இல்லை.

"ஏ பிள்ளே, உனக்கு இதுக்கு வார்த்தை தெரியுமா?"

"தெரியும் மதர்."

"அடுத்த வரி சொல்லு பாப்போம்."

அத்தை சொன்னாள். பாடவில்லை, சொன்னாள். மதர் அதற்கு அடுத்த வரியைச் சொன்னார். கேசட் ஒரு பக்கம் ஓட, அந்தக் கிழவியும் என் அத்தையும் மாற்றி மாற்றி ஒரு முழுப் பாட்டையும் சொல்லி முடித்தார்கள். இருவரும் சேர்ந்து ஜெபிக்கிறார்கள் என்று நினைத்து அப்பா கையைக் கூப்பிக்கொண்டு நின்றார். எனக்கும் கையைக் கூப்பச் சொல்லிக் கண்ணைக் காட்டினார். நானும் கூப்பினேன். அம்மா அடுக்களைக்குள் போய்விட்டாள்.

மதர் மிச்சக் காபியைக் குடித்துவிட்டு எழுந்தார். "தம்பி, இது ஜெபம் இல்ல," என்றார். "காதல் பாட்டு. நல்ல பாட்டுதான். எங்க ஆஸ்பத்திரில நர்ஸ் பிள்ளைக எல்லாம் பாடிக்கிட்டே திரியும். உங்க தங்கச்சிய நாங்க எடுத்துக்க மாட்டோம். மடத்துக்கு வர்ற பிள்ளைக முகத்த நான் எத்தனையோ பாத்திருக்கேன். இவ முகம் வேற. கோவிச்சுக்காதீய."

வாசல் வரை போனவர் திரும்பி, "அந்தக் கேசட்ட தூர எறிஞ்சுராதீய, என்ன?" என்றார்.

அம்மா தெரிந்துதான் அதைப் போடச் சொன்னாளா? மாமா அவளிடம் முன்பே சொல்லியிருந்தாரா? பின்னாளில் எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். "எனக்கு மீன் வெல தெரியும்" என்பாள். அவள் போய்ச் சேரும் வரை அதே பதில்தான். அவளைப் போல ஒரு காரியக்காரியை நான் பார்த்ததில்லை.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. ஒரு தப்பிலிருந்து எழுந்த அப்பா நேராக அடுத்த தப்பில் போய் விழுந்தார். மதர் தெரு முனை தாண்டுவதற்குள் அத்தை முன்னால் போய் நின்று, "யாரு அவன்?" என்றார்.

"யாருண்ணா?"

"காதல் பாட்டு கேட்டு அழுவுறியே, யாருக்காக? கடையில சேட்டு பையனா? பஸ்ல வர்றவனா?"

"யாரும் இல்லண்ணா."

"யாரும் இல்லாம எவளாச்சும் அழுவாளா?"

"நான் அழுதேன்," என்றாள் அத்தை.

அவர் நம்பவில்லை. அன்றைக்கே டேப் ரிகார்டரும் ஊதாத் துணிக்குள் போனது. புனித வாரத்தில் லீவு போட்டுவிட்டு, அத்தைக்குத் தெரியாமல் அடுத்த பஸ்ஸில் ஏறிச் சௌகார்பேட்டைக்குப் போய், கடைக்கு எதிரே டீக்கடையில் சாயங்காலம் வரை உட்கார்ந்திருக்கிறார். அத்தை டைப் அடித்தாள். மத்தியானம் டப்பாவைத் திறந்து தனியாகச் சாப்பிட்டாள். சாப்பிடும்போது கடை ரேடியோவில் ஏதோ ஒரு பாட்டு வர, சோற்றுக் கையோடு அப்படியே நிமிர்ந்து கேட்டாளாம். பாட்டு முடிந்ததும் மீதியைச் சாப்பிட்டாளாம். யாரும் வரவில்லை. திரும்பி வந்து அம்மாவிடம் இதையெல்லாம் சொன்னார். "தனியா சாப்புடுது புள்ள" என்பதை மட்டும் இரண்டு தடவை சொன்னார்.

ஈஸ்டர் அன்று பூசை முடிந்து வந்து, கறிக்குழம்பு வைத்து, அம்மா பரிமாற, நாங்கள் இலையில் உட்கார்ந்தோம். அப்பா புதிதாகச் சவரம் செய்த முகத்தோடு சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். வாயில் வைக்கவில்லை.

"பாப்பா," என்றார். கோபம் இல்லாத நாட்களில் அத்தையை அப்படித்தான் கூப்பிடுவார். "அந்தப் பாட்டு இன்னாதான் சொல்லுது? எனக்குப் புரியற மாதிரி சொல்லு."

அத்தை அம்மாவைப் பார்த்தாள். அம்மா, சொல் என்பது போலத் தலையசைத்தாள்.

"மழையில நனைஞ்சி வந்திருக்கியே, உள்ள வா," என்றாள் அத்தை, இலையைப் பார்த்துக்கொண்டு. "ஒண்ணும் பேச வேணாம். இப்டி பக்கத்துல ஒக்காரு. ஒன் தலைய நான் தொவட்டி வுடறேன். நாள் பூரா எங்க போன, யார் கூட பேசினன்னு நான் கேக்க மாட்டேன். நீ வந்தியே, அது போதும்."

"அந்த நீளமா வருமே, நான் மாதாவேன்னு பாடுவனே, அது?"

"அதான்ணா. நீ வந்தியே, அது போதும்."

"அம்புட்டுதானா?"

"அம்புட்டுதான்."

அப்பா பிசைந்த சோற்றிலிருந்து கையை எடுத்தார். பிறகு தலையைத் தூக்கி, பரிமாறிக்கொண்டு நின்ற அம்மாவைப் பார்த்து, "நீயும் ஒக்காரு. எங்களோடவே சாப்புடு" என்றார். எனக்கு நினைவு தெரிந்து அவர் அப்படிச் சொன்னது அதுதான் முதல் தடவை. அம்மா கரண்டியைப் பிடித்தபடி என்ன செய்வதென்று தெரியாமல் நின்றாள். அத்தைதான் நகர்ந்து இடம் கொடுத்தாள்.

சாப்பிட்டு முடித்ததும் அப்பா தகரப் பெட்டியிலிருந்த வெள்ளைப் புடவைகளைக் கோயிலில் கொடுத்துவிட்டு வந்தார். போய் வந்தவர் மத்தியானமே தரகரை வரச் சொல்லி ஆளனுப்பினார்.

மாப்பிள்ளைகள் வர ஆரம்பித்தார்கள். அவர்களைத் தப்பு சொல்ல முடியாது. ராயபுரத்தில் யாரைக் கேட்டாலும், அந்த வீட்டுக்காரர் பாட்டென்றால் எரிந்து விழுவார் என்றுதான் சொல்லியிருப்பார்கள். எல்லோரும் அதற்கேற்பத் தயாராகி வந்தார்கள். அப்பா எல்லோரிடமும் ஒரே கேள்விதான் கேட்டார்: "பாட்டு கேக்கற பழக்கம் உண்டா தம்பி?"

எண்ணூரிலிருந்து வந்த ஒருவர், "சேச்சே, அந்தப் பக்கமே போறதில்லீங்க. எங்கனா ரேடியோ பாடினாகூட ஜன்னல சாத்திடுவேன்" என்றார், மார்பை நிமிர்த்திக்கொண்டு. அப்பா அவருக்கு டீ கொடுத்து மரியாதையாக அனுப்பிவைத்தார். தரகர் மட்டும் திரும்பி ஓடி வந்தார்.

"இன்னா நைனா, தங்கமான பையன். ஒரு கெட்ட பழக்கம் இல்ல!"

"ஜன்னல சாத்தறவன் வூட்ல என் தங்கச்சி இன்னா பண்ணுவா?" என்றார் அப்பா. "புழுங்கிப் பூடுவா. வேற ஆள் பாரு."

தரகர் பேஜாராகிப் போனார். தெருவில் சிரித்தார்கள். மதர் வேண்டாமென்று சொன்னதிலிருந்து மனுஷனுக்குப் புத்தி பிசகிவிட்டது என்றும் பேசிக்கொண்டார்கள். அப்பா காதில் வாங்கவில்லை. வெயில் காலம் முழுக்க ஒவ்வொருவராக வந்து, தங்கள் சுத்தத்தைச் சொல்லி, டீ குடித்துவிட்டுப் போனார்கள். அத்தை ஒவ்வொரு தடவையும் புடவை மாற்றினாள். அடுக்களைக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டாள். அவள் முகம் வாடத் தொடங்கியிருந்தது.

கடைசியாக வந்தவர் தண்டையார்பேட்டைக்காரர். ரயில்வேயில் பிட்டர். அவருடைய அம்மாவோடு வந்திருந்தார். காது மட்டும் கொஞ்சம் பெரிதாக, வெட்கப்படுகிற ஆள். அப்பா தன் கேள்வியைக் கேட்டார். அந்த அம்மா மகன் தொடையில் கிள்ளியதைத் தரையில் உட்கார்ந்திருந்த நான் பார்த்தேன்.

அவர் கிள்ளிய கையையும் பார்த்தார், அப்பாவையும் பார்த்தார். "கேப்பேங்க," என்றார்.

"இன்னா பாட்டு?"

"ஹிந்தி பாட்டுங்க. ஷெட்டுல ஒருத்தரு ரேடியோ வெச்சிகினு கீறாரு."

"பாடுவியா?"

"இல்லீங்க. வார்த்த ஒண்ணும் தெரியாது." குரல் இறங்கிப்போனது. "விசில்தான் அடிப்பேன்."

அந்த அம்மா தலையில் கையை வைத்துக்கொண்டார். நல்ல குடும்பத்தில் பெரியவர்கள் முன்னால் உச்சரிக்கிற சொல்லா அது? தரகர் மெதுவாக எழுந்து செருப்பைத் தேடப் போனார்.

"அடி," என்றார் அப்பா.

வந்தவர் பீடத்தைப் பார்த்தார். தன் அம்மாவைப் பார்த்தார். உதட்டைக் குவித்தார். வெறும் காற்றுதான் வந்தது. எச்சிலை விழுங்கிவிட்டு மறுபடி குவித்தார். இந்தத் தடவை ஏதோ ஒரு பாட்டின் நாலு சுரம் வந்தது, நடுவில் ஒன்று பிசகி. இது எங்கள் கேசட்டில் இல்லாத பாட்டு. அப்பாவுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

அடுக்களைக் கதவுக்குப் பின்னாலிருந்து அத்தையின் குரல் வந்தது. பெண் பார்க்க வந்தவர்கள் முன்னால் பெண் வாயைத் திறப்பது எங்கள் தெருவில் அதுவரை நடந்ததில்லை.

"அதுக்கு வார்த்த எனக்குத் தெரியும்," என்றாள். "நான் சொல்லிக் குடுக்கறேன்."

அப்பா நாற்காலியைப் பின்னால் தள்ளிக்கொண்டு எழுந்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, அடுக்களைப் பக்கம் திரும்பிச் சொன்னார்:

"காபிய எடுத்துகினு நீயே வெளிய வா பாப்பா. பாவம், அவருக்கு வாய் காஞ்சி கீது."